பெண்களுக்கான நிக்காஹ் சட்ட வகுப்பு: தமிழில் எதை, எந்த வரிசையில் சொல்லித் தருவது?

தெம்பனீஸ் வகுப்பு எழுதியது:

அஸ்ஸலாமு அலைக்கும். பள்ளிவாசல் பெண்கள் குழு ஒன்றுக்காக இரண்டு ஞாயிறு, அசர் தொழுகைக்குப் பின் தலா 90 நிமிடம், ஒரு வகுப்பு போடுகிறோம். வருகிறவர்கள் 25 பேர். பாதிப் பேர் இங்கேயே பிறந்து படித்த பிள்ளைகள், இன்னும் கல்யாணமாகாதவர்கள். மீதிப் பேர் கல்யாணமாகித் தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்கள். தமிழ் சரளமாகப் படிப்பார்கள், ஆங்கிலப் படிவம் என்றால் கணவர் கையில் கொடுத்துவிடுவார்கள். கணவன் மனைவி கடமைகள் பற்றிய பயான் (மார்க்கச் சொற்பொழிவு) போதுமான அளவு கேட்டாயிற்று. சிங்கப்பூரில் ஒரு முஸ்லிம் பெண்ணுக்குச் சட்டப்படி என்ன இருக்கிறது, அதை எந்தத் தாளில் எழுதி வாங்க வேண்டும், எங்கே தவறிப்போகிறது என்பதை மட்டும் சொல்ல வேண்டும். எதிலிருந்து தொடங்கலாம்?

வழக்குத்தாள் எழுதியது:

வ அலைக்கும் ஸலாம். முதல் அரைமணி நேரத்தைச் சொற்களுக்குக் கொடுங்கள் சகோதரி. நம் பெண்கள் ஜும்ஆவிலும் மதரஸாவிலும் கேட்டது மஹர் (கணவர் மனைவிக்குத் தரும் மணக்கொடை), தஃலீக் (நிக்காஹ் நாளில் கணவர் ஏற்கும் நிபந்தனை), ஃபஸ்ஹு (நீதிமன்றம் திருமணத்தை முறிப்பது), குல்உ (மனைவி ஈடு கொடுத்து விலகுவது). இங்கே படிவத்தில் வருவது மலாய் வடிவம்: மாஸ் காவின், தக்லிக், ஃபசாக், குலுக். தலாக் இரண்டிலும் தலாக்தான். இத்தாச் செலவு (மணவிலக்குக்குப் பின் பெண் மறுமணம் செய்யாமல் காத்திருக்கும் காலத்துக்கான செலவு) ‘நஃப்கா இத்தா’ என்றும், மணவிலக்கின்போது தரும் ஆறுதல் தொகை ‘முத்ஆ’ என்றும் இருக்கும். மஹரும் மாஸ் காவினும் ஒன்றே என்பது தெரியாமல், மாஸ் காவின் கட்டத்தில் மாப்பிள்ளை வீட்டார் சொன்ன ஏதோ ஒரு தொகையை எழுதவிட்டு, மஹர் தனியாகப் பேசியிருக்கிறது என்று நம்பிக்கொண்டிருப்பவர்கள் உண்டு. தனியாக எதுவும் இல்லை. அந்தக் கட்டத்தில் இருப்பதுதான் மஹர். மலாய்க் கல்யாணத்தில் பேசப்படும் ‘ஹந்தாரான்’ (மாப்பிள்ளை வீட்டார் தரும் பரிசுத் தொகை) வேறு. அது வழக்கம், கடமை அல்ல.

அடுத்து எந்தச் சட்டம் எங்கே என்பது. 1961இல் வந்த மாதர் சாசனத்தின் திருமணம், மணவிலக்குப் பகுதிகள் முஸ்லிம் திருமணத்துக்குப் பொருந்தா. அதற்கு 1966இல் இயற்றி 1968இல் நடைமுறைக்கு வந்த முஸ்லிம் சட்ட நிர்வாகச் சட்டம். இதைக் கேட்டவுடன் ‘மாதர் சாசனம் நமக்கு இல்லை’ என்று பலர் முடிவு கட்டிவிடுகிறார்கள். மிகப் பெரிய தவறு இது. குடும்ப வன்முறையிலிருந்து பாதுகாப்பு, மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் பராமரிப்புத் தொகை ஆகிய பகுதிகள் முஸ்லிம்களுக்கும் பொருந்தும். கணவர் வீட்டுச் செலவுக்குப் பணம் தரவில்லை என்றால் மணவிலக்குக் கேட்காமலேயே குடும்ப நீதிமன்றத்தில் பராமரிப்பு கேட்கலாம். அடி விழுந்தால் தனிநபர் பாதுகாப்பு ஆணையும் அங்கேதான். இதற்கு முஸ்லிம் மணவிலக்கை விசாரிக்கும் ஷரியா நீதிமன்றத்தின் வாசலில் நிற்க வேண்டியதில்லை. வன்முறை உதவி எண் 1800-777-0000 என்பதைத் தாளின் மேலேயே அச்சடித்துவிடுங்கள்.

கணக்கர் எழுதியது:

மஹர் பற்றி நான் சொல்கிறேன், ஏனென்றால் பணம் கைவிட்டுப் போவது இங்கேதான்.

சபையில் ‘11 பவுன்’ என்று பேசுவார்கள். பதிவில் 101 வெள்ளி என்று எழுதுவார்கள், ‘பெருமைக்கு எதற்கு, எளிமையாக இருக்கட்டும்’ என்பார்கள். பத்து வருடம் கழித்துப் பிரச்சினை வந்தால் நீதிமன்றம் பார்ப்பது பதிவை. கொடுக்கப்படாத மஹரைக் கேட்டு வாங்க ஷரியா நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு, ஆனால் எழுதாத மஹரை எப்படி வாங்கித் தரும்?

எழுத வேண்டிய முறை: பவுன் என்று எழுதாதீர்கள், கிராமில் எழுதுங்கள். ஒரு பவுன் 8 கிராம், ஆகவே 11 பவுன் 88 கிராம். 22 காரட்டா 24 காரட்டா என்று சொல்ல வேண்டும். இங்கே கடையில் 916 முத்திரை என்றால் 22 காரட். ‘ரொக்கமாகக் கொடுக்கப்பட்டது’ அல்லது ‘நிலுவை’ என்பதில் எது உண்மையோ அதை எழுத வேண்டும். கொடுக்காததைக் கொடுத்ததாக எழுதிக் கையெழுத்துப் போட்ட பெண், தன் கையெழுத்துக்கு எதிராகத் தானே வாதாட வேண்டிவரும்.

பெண் வீட்டார் போட்ட நகை தனிக் கணக்கு. ரசீது பெண்ணின் பெயரில் இருக்கட்டும். போடுவதற்கு முன் ஒவ்வொன்றையும் எடை தெரியும்படி படம் எடுத்து அவளுடைய கைப்பேசியிலும் அவளுடைய தாயாரிடமும் ஒரு பிரதி. மாமியாரின் பெட்டகத்தில் வைப்பதாக இருந்தால் ஒரு வாட்ஸ்அப் செய்தி போதும்: ‘மாமி, இன்ன நகைகள் இத்தனை கிராம் உங்கள் பெட்டகத்தில் வைத்திருக்கிறேன்.’ மரியாதையும் கெடாது, பதிவும் ஆகிவிடும்.

கடையநல்லூர் லாத்தா எழுதியது:

கணக்கர் தம்பி சொன்னதோடு கைக்கூலியையும் சேர்த்துச் சொல்லிருங்க. மஹர் ஆண் பெண்ணுக்குக் கொடுப்பது, மார்க்கத்தில் கடமை. கைக்கூலி பெண் வீடு ஆணுக்குக் கொடுப்பது, மார்க்கத்தில் இல்லாதது. ரெண்டையும் ஒரே மேசையில வச்சுப் பேசி, 5 லட்சம் வாங்கிட்டு அதுல இருந்தே 25,000 எடுத்து மஹர்னு திருப்பிக் கொடுக்கிற பழக்கம் ஊர்ப்பக்கம் இன்னும் சாகல. ஊர்ல நிக்காஹ் முடிச்சு இங்க வர்ற பிள்ளைகளுக்கு ஒரு விவரம் தேவை: இந்தியாவின் 1961 வரதட்சணைத் தடைச் சட்டத்துல மஹர் வரதட்சணைக் கணக்குல வராதுன்னு தெளிவா இருக்கு. அதனால ‘மஹரை அதிகமா எழுதினா வரதட்சணைக் கேஸ் ஆயிரும்’னு யாராவது பயமுறுத்தினா நம்ப வேண்டாம்.

ஜமாஅத் நிக்காஹ் புத்தகத்துல உள்ள பக்கத்தோட நகலை ஊர்லயே வாங்கிட்டு வரணும். அது தமிழ்ல இருக்கும், ஆங்கில மொழிபெயர்ப்பைச் சான்றளிச்சு வாங்கணும். 2009 சட்டப்படி தமிழ்நாட்டுல எல்லாத் திருமணமும் அரசுப் பதிவு ஆகணும், அந்தச் சான்றிதழும் சேர்த்து. ரெண்டுலயும் பெயர் எழுத்துக்கூட்டு கடவுச்சீட்டுல உள்ளபடியே இருக்கான்னு ஊரை விட்டுக் கிளம்புறதுக்கு முன்னாடி பாக்கச் சொல்லுங்க. பீவியும் பீபியும் வேற வேற ஆளாயிரும்.

பெடோக் வாசகர் எழுதியது:

வலி, அதாவது பெண்ணின் சார்பில் நிக்காஹ் செய்துதரும் பொறுப்பாளர், விஷயத்தையும் சேர்க்க வேண்டும். நம்மவர் கல்யாணத்தில் தாய்மாமனுக்கு உள்ள இடம் பெரியது. அதனால் தகப்பனார் மவுத்தாகிவிட்டால் (இறந்துவிட்டால்) தாய்மாமன் பெயரை வலியாகச் சொல்லிவிடுகிறார்கள். தாய்மாமன் வலி ஆக முடியாது. வளர்ப்புத் தந்தையோ தாயின் இரண்டாவது கணவரோ அக்கா கணவரோ ஆக முடியாது. தந்தை, தந்தையின் தந்தை, உடன்பிறந்த சகோதரர், தந்தைவழிச் சகோதரர் என்று தந்தைவழியிலேயே வரிசை போகும். தந்தை ஊரில் இருந்தால் இங்குள்ள காதிக்கு (நிக்காஹ் நடத்தும் அதிகாரி) எழுத்து மூலம் வகாலத் (தனக்குப் பதிலாக நடத்தும் அதிகாரம்) கொடுக்கலாம். எந்த வடிவில் வேண்டும் என்று முஸ்லிம் திருமணப் பதிவகத்திடம் முன்கூட்டியே கேட்டுவிட்டால், கல்யாண வாரத்தில் கடையநல்லூருக்கும் காயல்பட்டினத்துக்கும் போன் போட்டு அலைய வேண்டியதில்லை.

வலி இல்லை, அல்லது தகுந்த காரணமில்லாமல் மறுக்கிறார் என்றால் காதி விசாரித்துத் தானே வலியாக நின்று நடத்திவைக்கச் சட்டம் இடம் தருகிறது. இதைப் பிள்ளைகளிடம் சொல்லத் தயங்குகிறார்கள். சொல்ல வேண்டும்.

சுலியா வீதி எழுதியது:

எல்லாம் சரிதான். ஒரு கவலையைச் சொல்லட்டுமா? கல்யாணமாகாத பிள்ளைகளை உட்காரவைத்து ஃபஸ்ஹு, முத்ஆ என்று வகுப்பெடுத்தால் வாழ்க்கையைத் தொடங்குமுன்பே பிரிவதைப் பற்றி யோசிக்க மாட்டார்களா? குடும்பத்தில் பொறுமைதான் முதல் பாடமாக இருக்க வேண்டும் என்பது என் எண்ணம்.

நூர்விளக்கு எழுதியது:

சுலியா வீதி காக்கா, உங்கள் கவலை நியாயமானது. ஆனால் இந்த ஊரின் வரலாறு வேறு விதமாகச் சொல்கிறது.

1950களில் இங்கே பதிவான முஸ்லிம் திருமணங்களோடு ஒப்பிட்டால் மணவிலக்குகள் ஏறத்தாழ பாதியளவு இருந்தன. அன்றைய பெண்களுக்குச் சட்டம் தெரிந்திருந்ததாலா? இல்லை. காதியிடம் போய் ஒருவர் சொல்லிவிட்டு வந்தால் தலாக் பதிவாகிவிடும். மனைவியைக் கூப்பிட்டுக் கேட்கக் கட்டாயம் இல்லை. இத்தாச் செலவு கேட்டு வாங்க வழி இல்லை. 1947இல் சே ஜஹாரா பிந்தி நூர் முகமது மலாய்ப் பெண்கள் நலச் சங்கத்தைத் தொடங்கியதும், 1952இல் கதீஜுன் நிஸா சிராஜும் மற்றப் பெண்களும் முஸ்லிம் இளம் பெண்கள் சங்கத்தைத் தொடங்கியதும் (இன்றைக்கு பிபிஐஎஸ் என்று நாம் சொல்வது அதுதான்) இந்த நிலையில்தான். மார்க்கத்தை விட்டு விலகி எதையும் அவர்கள் கேட்கவில்லை. மார்க்கம் கொடுத்ததை வாங்கித்தர ஒரு நீதிமன்றம் கேட்டார்கள். 1957 சட்டத்தின்கீழ் 1958இல் ஷரியா நீதிமன்றம் வந்தது. கதீஜுன் நிஸா சிராஜ் அங்கே வரும் பெண்களுக்குச் சமூகப் பணியாளராகவும் இருந்தார். 1960 திருத்தம் காதியின் விசாரணை இல்லாமல் இரண்டாவது கல்யாணம் நடப்பதைத் தடுத்தது.

அதன்பின் மணவிலக்கு ஏறியதா? சில ஆண்டுகளில் வெகுவாக இறங்கியது. விசாரணை, சமரசம், பணப் பொறுப்பு மூன்றும் வந்ததும் அவசரத் தலாக் குறைந்தது. பெண்ணுக்கு உரிமை தெரிவது குடும்பத்தை உடைக்கும் என்ற பயத்துக்கு இந்த ஊரிலேயே பதில் இருக்கிறது. பொறுமையைச் சொல்லுங்கள், வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. எதைப் பொறுத்துக்கொள்ள வேண்டியதில்லை என்பதும் அதே வகுப்பில் வர வேண்டும்.

சுலியா வீதி எழுதியது:

1960 திருத்தம் எனக்குப் புதிய செய்தி. ஏற்றுக்கொள்கிறேன். அப்படியானால் ஆண்களுக்கும் இதே வகுப்பை ஒருநாள் வையுங்கள். தலாக் சொன்னால் என்ன பொறுப்பு விழும் என்று மாப்பிள்ளைப் பையனுக்கும் தெரிய வேண்டும் அல்லவா?

வழக்குத்தாள் எழுதியது:

நிச்சயம். 2019 முதல் பெர்சமாமு எனும் மணமக்கள் வழிகாட்டுத் திட்டத்தில் நிக்காஹ் நடத்தும் நாயிப் காதி (துணைக் காதி) இருவரையும் முன்கூட்டிச் சந்திக்கிறார். ஆணுக்குக் கேள்வி கேட்க அதுவே நல்ல இடம். இருவரில் யாராவது 21 வயதுக்குக் கீழ் என்றால் திருமண ஆயத்த வகுப்பும் பெற்றோர் சம்மதமும் கட்டாயம். குறைந்தபட்ச வயது 2008 திருத்தத்தால் 16இலிருந்து 18 ஆயிற்று.

இப்போது இரண்டாவது ஞாயிறுக்கான சரக்கு. மணவிலக்கு வழிகளை அருகருகே வைத்துக் காட்டினால்தான் பெண்களுக்கு வித்தியாசம் பிடிபடும்.

தலாக் கணவர் கையில். வீட்டிலோ கைப்பேசியிலோ சொல்லிவிட்டாலும் அதோடு பதிவு முடிந்துவிடாது. நீதிமன்றம் விசாரித்து உறுதிசெய்ய வேண்டும். ‘சொல்லிட்டார், நான் கிளம்பிட்டேன்’ என்று எந்தத் தாளும் இல்லாமல் வெளியேறுவது ஆபத்து. மறுமணம், வீடு, இத்தாச் செலவு எல்லாம் அந்தத் தேதியில் தொங்குகின்றன.

தஃலீக் என்பது நிக்காஹ் நாளில் கணவர் வாசித்து ஒப்புக்கொள்ளும் நிபந்தனை: விட்டுப்போனால், செலவு தராவிட்டால், அடித்தால், மனைவி நீதிமன்றத்தில் முறையிட்டு நிரூபித்தால் ஒரு தலாக் விழும். வாசிக்கப்படுவது மலாயில். நம் பெண்களில் பலருக்கு என்ன வாசித்தார் என்றே தெரியாது. அந்த வாசகத்தை வரிவரியாகத் தமிழில் பெயர்த்து வகுப்பில் கொடுங்கள். முழு வகுப்பிலும் இந்த ஒரு தாள் மட்டும் போய்ச்சேர்ந்தால்கூட நான் திருப்திப்படுவேன்.

ஃபஸ்ஹு மனைவி கேட்டு நீதிமன்றம் திருமணத்தை முறிப்பது. முஸ்லிம் சட்ட நிர்வாகச் சட்டத்தின் 49ஆம் பிரிவில் காரணங்கள் உள்ளன: 3 மாதம் செலவு தராமை, 3 ஆண்டு அல்லது அதற்கு மேல் சிறைத் தண்டனை உறுதியாதல், தகுந்த காரணமின்றி ஓராண்டு கணவன் கடமைகளைச் செய்யாமை, கல்யாணத்தின்போதே இருந்து தொடரும் ஆண்மைக் குறைவு, மனநோய் அல்லது தீராத நோய், கொடுமை, மார்க்கச் சட்டம் ஏற்கும் வேறு காரணம். மனைவியின் சத்திய வாக்குமூலத்தோடு குறைந்தது 2 சாட்சிகளின் வாக்குமூலமும் வேண்டும். பெரும்பாலான விண்ணப்பங்கள் தள்ளாடுவது இங்கேதான். மூடிய கதவுக்குள் நடந்ததற்குச் சாட்சி யார்? அன்றைக்கே பார்த்த மருத்துவரின் அறிக்கை, அன்றைக்கே சொல்லப்பட்ட தாயோ சகோதரியோ அண்டை வீட்டாரோ. ஆறு மாதம் கழித்துச் சொன்னால் சாட்சியின் பலம் குறைகிறது. செலவு தராமைக்கு வங்கிக் கணக்கு விவரமே சாட்சி. இடையில் ஒரு சிறு தொகை வந்தால் எதிர்த்தரப்பு அதைத்தான் தூக்கிக் காட்டும். ஆகவே தேதி, தொகை, எதற்காக வந்தது என்று ஒரு நோட்டில் மாதாமாதம் எழுதிவர வேண்டும்.

குல்உ மனைவி ஈடு கொடுத்து விலகுவது, கணவர் சம்மதம் தேவை. நான் அதிகம் எச்சரிப்பது இதைப் பற்றித்தான். ஃபஸ்ஹுக்கோ தஃலீக்குக்கோ காரணம் தெளிவாக இருக்கும்போதே, ‘மஹரைத் திருப்பிக் கொடு, நாளைக்கே விடுகிறேன்’ என்றதும் சரி என்றுவிடுகிறார்கள். முதலில் ஆலோசனை கேளுங்கள்.

இவை எதிலும் அகப்படாமல், ஆனால் சேர்ந்து வாழவே முடியாத நிலை என்றால் நீதிமன்றம் இரு தரப்புக்கும் ஹகம் எனும் நடுவர்களை நியமிக்கலாம். கணவர் பிடிவாதமாக மறுத்தாலும் ஹகம் வழியாகத் தலாக் விழ வழி இருக்கிறது. காரணத்தை நிரூபிக்க முடியவில்லை என்பதற்காக ஒரு பெண் ஆயுள் முழுக்கத் தொங்கிக்கொண்டிருக்க வேண்டியதில்லை.

ஏழாம்மாடி எழுதியது:

படிப்படியா என்ன நடக்கும்னும் சொல்லுங்க அண்ணே. நீதிமன்றம்னாலே பயந்துடுறாங்க.

வழக்குத்தாள் எழுதியது:

முதலில் இணையத்தில் பதிவு. உடனே வழக்கு இல்லை. ஆலோசனைச் சந்திப்புக்கு அனுப்புவார்கள், அது கட்டாயம். கணவர் வரவில்லை என்பதற்காக மனைவியின் வழி அடைபட்டுவிடாது. சேர்ந்து வாழ முடியாது என்று ஆனால் வழக்குத் தாக்கல்: வழக்கு விவரம், பிள்ளை வளர்ப்புத் திட்டம், வீட்டுச் சொத்துத் திட்டம். அடுத்து சமரசப் பேச்சு. அதில் எல்லாம் தீர்ந்தால் ஒப்புதல் ஆணை, தீராவிட்டால் விசாரணை. தீர்ப்பு ஒப்பவில்லை என்றால் 30 நாளுக்குள் மேல்முறையீட்டு வாரியம். ஷரியா நீதிமன்றம் இருக்கும் இடம் லெங்கொக் பாரு. வழக்கறிஞர் கட்டாயமில்லை, வருமானம் குறைவு என்றால் அரசு சட்ட உதவி அலுவலகம் ஷரியா வழக்கையும் எடுக்கும்.

சமரசப் பேச்சுக்கு வெறுங்கையோடு போகாதீர்கள். வீட்டின் பாக்கிக் கடன், ஒவ்வொருவர் மசேநியிலிருந்தும் (மத்திய சேம நிதி) வீட்டுக்குப் போன தொகையும் வட்டியும், யாருக்கு வீட்டை வைத்துக்கொள்ளத் தகுதி ஆகியவற்றை வீவகவிடமும் (வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) மசேநி கழகத்திடமும் எழுத்தில் வாங்கியிருக்க வேண்டும். இல்லாமல் ‘வீடு மனைவிக்கு’ என்று ஒப்புக்கொண்டு, கடனை அவள் பெயருக்கு மாற்ற வருமானம் போதாமல் திரும்பவும் நீதிமன்றம் வருவது வழக்கமாக நடக்கும் கோளாறு.

சம்பாதிக்காத மனைவிக்கு வீட்டில் பங்கில்லை என்று சொல்வதும் தவறு. அதே முஸ்லிம் சட்ட நிர்வாகச் சட்டத்தின் 52ஆம் பிரிவின்படி நீதிமன்றம் சொத்தைப் பிரிக்கும்போது வீட்டைக் கவனித்ததையும் பிள்ளை வளர்த்ததையும் பங்களிப்பாக எடுத்துக்கொள்ளும்.

கணக்கர் எழுதியது:

முத்ஆ கணக்கைப் பலகையில் போட்டுக் காட்டுங்கள், பெண்கள் அதை மறக்க மாட்டார்கள். ஒரு நாளுக்கு இவ்வளவு என்று வைத்து மணவாழ்வின் நாட்களால் பெருக்குவது. உதாரணத்துக்கு நாளுக்கு 3 வெள்ளி, 12 ஆண்டு: 12 × 365 = 4,380 நாள், 13,140 வெள்ளி. நாள் தொகை கணவரின் வசதியைப் பொறுத்து மாறும், 3 என்பது நான் கணக்குக்காக எடுத்தது. நஃப்கா இத்தா தனி: பெரும்பாலும் மூன்று மாதம், கர்ப்பிணி என்றால் பிரசவம் வரை. அதில் வீட்டு வாடகை, சாப்பாடு, போக்குவரத்து என்று மாதச் செலவுப் பட்டியலைக் கையில் கொண்டுபோக வேண்டும். பட்டியல் இல்லாமல் ‘நியாயமாகக் கொடுங்கள்’ என்று கேட்டால் குறைந்த தொகைதான் வரும்.

இத்தா முடிந்தபின் முன்னாள் மனைவிக்கு மாதாமாதம் பராமரிப்பு ஷரியா நீதிமன்றத்தில் கிடையாது. மற்ற மதத்துப் பெண்களின் மணவிலக்கை மனதில் வைத்துக்கொண்டு அதை எதிர்பார்த்து, முத்ஆவையும் வீட்டையும் அலட்சியமாகப் பேசிவிடுகிறார்கள். பிள்ளைகளுக்கான தொகை தனி, அதைக் குடும்ப நீதிமன்றத்தில் கேட்கலாம்.

நூர்விளக்கு எழுதியது:

வாரிசுரிமை இல்லாமல் வகுப்பை முடிக்காதீர்கள். மணவிலக்கைவிட அதிகமான பெண்களைத் தொடுவது இது. கணவர் இறந்த வாரத்தில், 4 மாதம் 10 நாள் இத்தாவில் இருக்கும்போது அவசர அவசரமாகத் தெரிந்துகொள்ளக் கூடாது.

ஒரு கணக்கு: வீடு 600,000 வெள்ளி, கடன் இல்லை, கணவன் மனைவி ‘டெனன்சி இன் காமன்’ முறையில் (ஒவ்வொருவருக்கும் தனிப் பங்கு) பாதிப்பாதி. கணவர் மவுத். மனைவி, இரண்டு மகள், கணவரின் உடன்பிறந்த தம்பி ஒருவர், அவ்வளவுதான் வாரிசு. அடக்கச் செலவும் கடனும் தீர்த்தபின் கணவரின் 300,000இல் மனைவிக்கு எட்டில் ஒன்று, 37,500. மகள்கள் இருவருக்கும் சேர்த்து மூன்றில் இரண்டு, 200,000. மீதி 62,500 தம்பிக்கு. மகள்கள் மட்டும் உள்ள பல வீடுகளில் இது தெரியாமல், தம்பி பங்கு கேட்டதும் ‘அநியாயம்’ என்று உறவு முறிகிறது. தம்பி கேட்பது மார்க்கப்படி அவர் பங்கு. அதற்கு எதிர்ப்பக்கத்தில், குடும்பத்தில் ஆண் இல்லாதபோது அண்ணன் பிள்ளைகளைத் தாங்கும் பொறுப்பும் அவருக்கு உண்டு என்பதை அவருக்கும் யாராவது சொல்ல வேண்டும்.

வீடு ‘ஜாயிண்ட் டெனன்சி’ (பங்கு பிரிக்காத கூட்டு உரிமை) என்றால் கதை வேறு. 2019இல் முயிஸ் (சிங்கப்பூர் இஸ்லாமிய சமய மன்றம்) ஃபத்வாக் குழு வெளியிட்ட ஃபத்வாப்படி (மார்க்கத் தீர்ப்பு), உயிரோடு இருப்பவர் முழு வீட்டுக்கும் உரியவர்.

பெடோக் வாசகர் எழுதியது:

அதனால் எல்லாரும் ஜாயிண்ட் டெனன்சிக்கு மாறுங்கள் என்று வகுப்பில் சொல்லிவிடாதீர்கள். மனைவி முதலில் இறந்தால் முழு வீடும் கணவருக்கு. அவளுடைய உம்மா உயிரோடு இருந்தால், பிள்ளைகள் உள்ள மகளின் சொத்தில் ஆறில் ஒரு பங்கு அந்த உம்மாவுக்கு வந்திருக்கும், இங்கே எதுவும் வராது. அவர் மறுமணம் செய்தால் முதல் மனைவியின் பிள்ளைகள் நிலை என்ன? ஒவ்வொரு குடும்பமும் தன் நிலையைப் பார்த்து முடிவெடுக்க வேண்டும். வகுப்பில் சொல்ல வேண்டியது, உங்கள் வீடு எந்த முறையில் பதிவாகியிருக்கிறது என்று பார்த்துவிட்டு வாருங்கள் என்பதே. வந்திருப்பவர்களில் பாதிப் பேருக்குத் தெரிந்திருக்காது.

வஸிய்யத் (உயில்) மூன்றில் ஒரு பங்குக்கு மேல் போகாது, வாரிசுகளுக்கு எழுதினால் மற்ற வாரிசுகள் சம்மதிக்க வேண்டும். ‘எல்லாம் என் மனைவிக்கு’ என்று எழுதிவைத்துவிட்டு நிம்மதியாக இருக்கும் கணவர்களுக்கு இதைச் சொல்ல வேண்டும்.

கணக்கர் எழுதியது:

மசேநி நியமனம், அதாவது இறந்தபின் மசேநிப் பணம் யாருக்கு என்று எழுதிவைப்பது, இன்னொன்று. 2010 ஃபத்வாவுக்குப் பிறகு நியமனத்தை அன்பளிப்பாகக் கருதலாம். நியமனம் பெற்றவர் அந்தத் தொகையைத் தாமே வைத்துக்கொள்ளலாம். நியமனமே இல்லை என்றால் பணம் பொது அறங்காவலரிடம் போய், ஷரியா நீதிமன்றத்தின் வாரிசுச் சான்றிதழ்ப்படி பிரியும். கவனிக்க வேண்டிய இரண்டு: கல்யாணம் செய்தவுடன் பழைய நியமனம் தானாக ரத்தாகிவிடும். உம்மா பெயரில் எழுதியிருந்த பெண் கல்யாணத்துக்குப் பின் மீண்டும் எழுத வேண்டும். ஆனால் மணவிலக்கு நியமனத்தை ரத்து செய்யாது! பிரிந்த கணவர் பெயரில் பணம் கிடக்கும், பெண்ணுக்கு நினைவே இருக்காது. இரண்டு சாட்சிகள் வேண்டும், 21 வயது நிறைந்தவர்கள், நியமனம் பெறுபவராக இருக்கக் கூடாது. வகுப்பிலேயே சிங்பாஸ் (அரசு இணையக் கணக்கு) திறந்து பார்த்துவிட 10 நிமிடம் ஒதுக்குங்கள்.

ஏழாம்மாடி எழுதியது:

படிப்பைப் பத்தி யாரும் பேசலையே. கல்யாணத்துக்கு அப்புறம் படிக்கக் கூடாதுன்னு சொன்னா என்ன செய்றது? நிக்காஹ்ல நிபந்தனையா எழுதலாமா?

கடையநல்லூர் லாத்தா எழுதியது:

எழுதலாம்மா, ஒப்பந்தக் கடிதமா ரெண்டு பேரும் கையெழுத்துப் போட்டு. ஆனா அது தஃலீக் மாதிரி வேலை செய்யாது; படிக்க விடலன்னா தானா தலாக் விழாது. அதனால வாக்குறுதியைவிட வழி முக்கியம். எந்தப் படிப்பு, எத்தனை மாசம், வாரத்துல எத்தனை சாயங்காலம், பிள்ளையை யார் பாப்பாங்க, கட்டணம் எங்கிருந்து. இந்த அஞ்சுக்கும் பதில் எழுதிட்டா பேச்சுவார்த்தை நடக்கும். ‘படிக்க விடுவீங்களா’ன்னு மட்டும் கேட்டா ‘பாக்கலாம்’தான் பதில்.

கட்டணத்துல நம்மாளுங்க குழம்புற இடம்: மலாய் முஸ்லிம் சமூக உதவி அமைப்பான மெண்டாக்கியின் உயர்கல்விக் கட்டண உதவி மலாய் மாணவர்களுக்கு. தமிழ் முஸ்லிம் பிள்ளை இந்தியர் சமூக உதவி அமைப்பான சிண்டா பக்கம் பாக்கணும். 40 வயசான குடியுரிமைக்காரங்களுக்கு 2024 மே மாசத்துல இருந்து ஸ்கில்ஸ்ஃபியூச்சர்ல (அரசுத் திறன் பயிற்சி உதவித் திட்டம்) கூடுதலா 4,000 வெள்ளி இருக்கு. பிள்ளைங்க பெரியவங்களானப்புறம் திரும்பப் படிக்கிற அம்மாக்களுக்கு ரொம்ப உதவும். நீண்டகால வருகை பாஸ்ல இருக்கிற பிள்ளைகளுக்கு இது கிடையாது, அவங்களை வச்சுக்கிட்டு இதை மட்டும் பேசினா மனசு நோகும். அவங்களுக்கு முதல்ல ஆங்கிலப் படிவம் வாசிக்கிற அளவுக்கு ஆங்கிலம், உங்க குழுவே சொல்லிக்கொடுங்க.

நம்ம கூட்டத்துப் பொம்பளைங்க படிப்பும் சம்பாத்தியமும் தெரியாதவங்க இல்ல. தஞ்சோங் பகார்ல மசாலா இடிச்சு வித்துக் குடும்பத்தைத் தாங்கினவங்க கடையநல்லூர்ப் பெண்கள். காயல்பட்டினத்துல பெண்கள் தைக்கா (தொழுகைக்கும் ஓதுறதுக்குமான இடம்), அதுல பெண்ணே பெண்ணுக்கு அரபுத்தமிழ்ல (அரபு எழுத்துல எழுதின தமிழ்) ஓதிக்கொடுத்த மரபு. புதுக்கோட்டையில ஷரீஃபா கானம் பெண்கள் ஜமாஅத்தே தொடங்கினாங்க, ஆண்கள் ஜமாஅத்துல பெண்ணோட பேச்சு எடுபடாததால. மனைவி சம்பாதிச்சது மனைவிக்கே, வீட்டுச் செலவு கணவன் பொறுப்புன்னு மார்க்கம் சொல்றதை ரெண்டு பக்கமும் கேக்கணும்.

தெம்பனீஸ் வகுப்பு எழுதியது:

அனைவருக்கும் ஜஸாகல்லாஹ். வரிசை இப்படி வைக்கிறேன்: முதல் ஞாயிறு சொற்கள், வலி, மஹர், தஃலீக் வாசகம். இரண்டாவது ஞாயிறு மணவிலக்கு வழிகள், முத்ஆ கணக்கு, வீடு, மசேநி. ஒருவரே 90 நிமிடம் பேசலாமா, பலர் பேசலாமா?

வழக்குத்தாள் எழுதியது:

பேசுவதைக் குறையுங்கள். 15 நிமிடத்துக்கு ஒரு தாள், உடனே அதை நிரப்பச் சொல்லுங்கள். மாதிரி மஹர் கட்டம், மாதிரி செலவுப் பட்டியல், மாதிரி வாரிசுக் கணக்கு. ஐந்து ஐந்து பேராக உட்காரவையுங்கள். ஒவ்வொரு வட்டத்திலும் இங்கே வளர்ந்த பிள்ளைகளும் ஊரிலிருந்து வந்தவர்களுமாக ஏறத்தாழப் பாதிப்பாதி கலந்தால் ஆங்கிலமும் தமிழும் ஒன்றுக்கொன்று உதவும். மார்க்கக் கேள்விக்கு ஓர் உஸ்தாஸா (மார்க்க ஆசிரியை) இருக்கட்டும், மார்க்க ஆசிரியர் அங்கீகாரத் திட்டத்தில் பதிவானவரா என்று பாருங்கள், 2017 முதல் அது கட்டாயம். ஃபத்வாக் குழு வழக்கமாக ஷாஃபி மத்ஹபைப் (மார்க்கச் சட்டப் பிரிவு) பின்பற்றும்; ராவுத்தர் வீட்டுப் பெண்கள் பலர் ஹனஃபி, வித்தியாசம் வரும் இடங்களை அவரே சொல்லட்டும்.

சொந்தப் பிரச்சினையைச் சபையில் சொல்லவைக்காதீர்கள். கேள்வியைப் பெயரில்லாமல் சீட்டில் எழுதிப் பெட்டியில் போடட்டும். பதில் தனியாக வேண்டியவர்களுக்கு பிபிஐஎஸ் ஆலோசனை நேரத்தைத் தாளின் பின்பக்கத்தில் கொடுங்கள். அந்தத் தாளை வீட்டுக்குக் கொண்டுபோக முடியாத பெண்ணும் வருவாள், அதனால் உதவித் தொலைபேசி எண்ணை மட்டும் சிறு அட்டையில் தனியாக அடித்து, கழிப்பறைக் கதவுக்குப் பக்கத்திலும் வையுங்கள்.

சுலியா வீதி எழுதியது:

பிள்ளை பார்த்துக்கொள்ள ஆண்கள் குழுவிலிருந்து நாலு பேர் வருகிறோம். கீழ்த்தளத்து அறையைக் கேட்டு வைக்கிறேன், அசருக்கு முன்பே திறந்திருக்கும்.